ஒரு நிமிஷ வேலை

மடியில் கிடந்த மகனைவிட அவனுடைய முன்தோலைப் பற்றித்தான் அப்பாக்காரனுக்குக் கவலை அதிகம். வீட்டுக்குக் கிளம்புவதற்குள் அதை எடுத்துவிட வேண்டும் என்று பிரசவ வார்டில் ஒற்றைக்காலில் நின்றான்.

பிள்ளை பிறந்ததிலிருந்து கைபேசியில் படித்துப் படித்து அவன் அரை டாக்டராகியிருந்தான். சுத்தம் என்றான், சிறுநீரில் தொற்று வராது என்றான், பிற்காலத்தில் புற்றுநோய்கூட எட்டிப் பார்க்காது என்றான். பக்கத்துக் கட்டில்காரி போர்வையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டாள்.

பால் கொடுத்துக்கொண்டிருந்த மனைவி பிள்ளையை இன்னும் இறுக்கி அணைத்துக்கொண்டாள். “பச்சைப் பிள்ளைங்க. வலிக்காதா?” என்றாள்.

“வலியாவது ஒண்ணாவது. ஒரு நிமிஷ வேலை. எறும்பு கடிச்ச மாதிரி இருக்கும், அவ்வளவுதான்.”

எந்த எறும்பு கடித்து இதைக் கண்டுபிடித்தான் என்று அவள் கேட்கவில்லை. ஊசி என்றாலே ஆஸ்பத்திரி வாசலோடு திரும்பிவிடுகிற வீரன் அவன். அவனோடு மல்லுக்கு நிற்பதை விட்டுவிட்டு, நர்ஸிடம் சொல்லி ஆபரேஷன் செய்யும் டாக்டரை வரவழைத்தாள்.

வந்தவரைப் பார்த்ததும் அவன் முகம் கொஞ்சம் சுருங்கியது. சில மாதங்களுக்கு முன்னால் ஏதோ தொந்தரவு என்று இவரிடம் காட்டியவன், அதற்குப் பிறகு அந்தப் பக்கம் தலைவைத்தும் படுக்கவில்லை. நல்லவேளையாக டாக்டர் அதைப் பற்றி மூச்சு விடவில்லை.

அவர் பொறுமையாக விளக்கினார். நன்மை உண்டு, ஆனால் பிறக்கிற பிள்ளைகள் எல்லோருக்கும் செய்தே தீர வேண்டும் என்று சொல்லும் அளவுக்கு இல்லை. ரத்தம் கசிவது, புண்ணாவது என்று சின்னச் சின்ன ஆபத்துகளும் உண்டு. செய்வதானால் மரத்துப்போக மருந்து கொடுத்துத்தான் செய்வோம், முடிவெடுப்பது பெற்றவர்கள் கையில் என்றார்.

“தொந்தரவு இருக்கறவங்க கதை வேற. அவங்க தள்ளிப் போடவே கூடாது.”

அவன் காதில் கடைசி மூன்று வார்த்தைகள் மட்டும் தேனாக விழுந்தன.

“அதைத்தான் டாக்டர் நானும் தலைதலையா அடிச்சுக்கறேன். நாளைக்கே வெச்சுக்கலாம். அழுகை, பயம், அதையெல்லாம் காதுல போட்டுக்காதீங்க. ஆம்பளைன்னா இதையெல்லாம் தாங்கித்தான் ஆகணும்.”

டாக்டர் மனைவியைப் பார்த்து, அவளுக்குச் சம்மதமா என்று கேட்டார்.

“இவரே வாயால சொல்லிட்டாரே டாக்டர். எனக்கு என்ன, பரம சந்தோஷம்” என்றாள் அவள்.

இவ்வளவு சுலபமாக இறங்கி வருவாள் என்று அவன் எதிர்பார்க்கவே இல்லை. ஜெயித்த பூரிப்பில் மகனின் பிஞ்சுக் காலை வருடிக் கொடுத்தான். அப்பாப் பாசம் அப்போதுதான் அவனுக்குப் பொங்கிக்கொண்டு வந்தது.

“ராத்திரி இவனுக்குப் பால் குடுக்கலாமா டாக்டர்?”

டாக்டர் அவன் தோளில் கை வைத்தார்.

“அவனுக்குத் தாராளமா குடுக்கலாம். நீங்கதான் பச்சைத் தண்ணிகூடக் குடிக்கக் கூடாது.”