நாலு மில்லிமீட்டர்

"என் ஃபைல்ல கை வைக்க அந்த ஆளுக்கு யார் சார் அதிகாரம் கொடுத்தது?"

தலைமை புரோகிராமர் லேப்டாப்பை மேனேஜர் பக்கம் திருப்பி வைத்தாள்.

செயற்கைக் கால் தயாரிக்கிற கம்பெனி அது. காலில் மிஞ்சியிருக்கிற பகுதியை ஸ்கேனர் சுற்றி வந்து புள்ளி புள்ளியாகப் பதிவு செய்யும். அந்தப் புள்ளிகளை எண்ணி, சுற்றளவு இவ்வளவு என்று சொல்லும் புரோகிராம் ஃபைல்கள் அத்தனையும் எட்டு வருஷத்துக்கு முன்னால் அவள் எழுதியவை. அதில் கை வைப்பது அவள் சாப்பிடுகிற தட்டில் கை வைப்பதற்குச் சமம்.

புது கம்ப்யூட்டருக்கு மாற்றுவதற்காக ஃபைல்களைச் சுத்தம் செய்தபோதுதான் அந்தத் திருட்டு ஃபைல் மாட்டியது. ஐந்தே வரி. அதன் பெயரே 'சும்மா'. வருகிற ஒவ்வொரு சுற்றளவிலும் சத்தமில்லாமல் நாலு மில்லிமீட்டரைக் கழித்துக்கொண்டிருந்தது.

எழுதியவர் ஸ்கேனர் ஆபரேட்டர். வாசல் கதவின் உயரத்தைக்கூட மில்லிமீட்டரில் சொல்கிற மனுஷன் என்பதால் ஆபீசில் அவருக்குப் பெயர் மில்லி.

மில்லியைக் கூப்பிட்டார்கள். மீட்டிங் நடந்துகொண்டிருந்ததால் அறையில் இன்னும் ஆறு பேர் இருந்தார்கள்.

"இது உங்க வேலையா?"

"ஆமா மேடம்."

"எதுக்குக் கழிச்சீங்க?"

மில்லி அந்த ஆறு பேரையும் ஒரு பார்வை பார்த்தார். "அது பாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டும் மேடம். எடுத்துடாதீங்க."

"காரணம் கேட்டா வாயைத் திறக்க மாட்டேங்கறீங்க. இதைப் போட்டுக்கிட்டு நடக்கறவங்க உயிரோட விளையாடறீங்களா?"

மேனேஜர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "வெள்ளிக்கிழமைக்குள்ள ரிப்போர்ட் கொடுங்கம்மா. ஆளை வேலையை விட்டு அனுப்பிடலாம்."

அத்தனை பேர் கண் முன்னாலேயே அவள் அந்த ஃபைலை அழித்தாள். அப்பாடா என்றிருந்தது.

வெள்ளிக்கிழமை காலை ரிப்போர்ட்டை எழுதி முடித்தாள். அனுப்புவதற்கு முன், நடைப் பயிற்சி அறைக்கு ஒரு எட்டு போனாள். 'சும்மா' இல்லாமல் தயாரான முதல் கால், ஒரு தபால்காரருக்கு மாட்டப்பட்டிருந்தது.

"கம்பியைப் பிடிச்சுக்கிட்டே நடங்க சார்" என்று மில்லி ஒட்டிக்கொண்டே போனார்.

மூன்றாவது எட்டில் செயற்கைக் கால் திரும்பிக்கொண்டது. விழப்போன தபால்காரரை மில்லி இடுப்போடு சேர்த்துப் பிடித்தார்.

"தொளதொளன்னு இருக்கே சார்!" என்றார் தபால்காரர், மூச்சு வாங்க.

"அச்சு எடுத்ததுல கோளாறு" என்று அடித்துச் சொன்னாள் அவள். தானே டேப்பை எடுத்து அவர் காலை அளந்தாள். முந்நூற்றுப் பன்னிரண்டு. கம்ப்யூட்டரில் முந்நூற்றுப் பதினாறு. மறுபடி அளந்தாள். அதே பன்னிரண்டு.

நேராக வந்து தன் ஃபைலைத் திறந்து வரி வரியாகப் படித்தாள். நாலு மில்லிமீட்டருக்கு ஒரு புள்ளி. ஸ்கேனர் ஒரு சுற்று முடித்து, கிளம்பிய இடத்துக்கே வந்து சேரும்போது, எண்ணி முடித்த முதல் புள்ளியையே மறுபடியும் எண்ண வைத்திருந்தாள். ஒவ்வொரு அளவிலும் நாலு மில்லிமீட்டர் அதிகம்.

எட்டு வருஷமாக!

முகமெல்லாம் எரிந்தது. ரிப்போர்ட்டை அழித்தாள். மேனேஜரிடம் போய், "தப்பு என்னோடது சார், அவர் மேல ஒண்ணுமில்லை" என்று சொல்லிவிட்டு, அதே வேகத்தில் மில்லியிடம் வந்தாள்.

"அன்னிக்கே சொல்லியிருக்கலாமே?"

"அத்தனை பேர் உட்கார்ந்திருந்தாங்களே மேடம். எப்படிச் சொல்றது?"

அவளுக்குக் கண் கலங்கியது. கூடவே கொஞ்சம் கோபமும் வந்தது.

"சரி, எட்டு வருஷம் இருந்துச்சே! தனியா வந்து ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நான் என்ன கேட்காமலா போயிருப்பேன்?"

மில்லி சங்கடத்தோடு தலையைச் சொறிந்தார்.

"முதல் வாரமே மெயில் போட்டேன் மேடம். 'என் புரோகிராம்ல தப்பு வராது, உங்க டேப்பை மாத்துங்க'ன்னு பதில் போட்டீங்க. மூணு டேப் மாத்திப் பார்த்துட்டுத்தான் அந்த ஃபைலை எழுதினேன்."