சீனியப்பனின் சாட்சி

சீனியப்பன் கிணற்றில் விழுந்து செத்து நான்கு மாதம் ஆகியிருந்தது. ஆனாலும் சாட்சிக் கூண்டில் வைத்திருந்த பெட்டியிலிருந்து அவன் குரல்தான் வந்தது. அவன் செல்போனில் பேசி அனுப்பிய அத்தனை பேச்சையும் ஊட்டி, கேட்டதற்கு அவனைப் போலவே பதில் சொல்லும்படி அதைத் தயாரித்திருந்தார்கள். செத்தவர்களின் சாட்சியை இப்போதெல்லாம் எந்தக் கோர்ட்டும் ஒதுக்குவதில்லை.

“உங்களைக் கிணத்துல தள்ளினது யாரு?” என்று கேட்டார் அரசு வக்கீல்.

“வேற யாரு? எம் பொண்டாட்டி குருவம்மாதான். என்னைக் கொல்லாம விடமாட்டா அவ.” கூடவே ஒரு சிரிப்பு.

குருவம்மா எதிரே குற்றவாளிக் கூண்டில் நின்றிருந்தாள். அவன் கால் வழுக்கி விழுந்ததை அவள் ஒருத்திதான் பார்த்தாள். குழம்பில் உப்புக் கூடினால்கூட, “இவ என்னைக் கொல்லப் பாக்கா” என்று ஊருக்கே கேட்கும்படி கத்துகிறவன் அவன். அவள் கண் கலங்கிய பிறகுதான், “சும்மா சொன்னேன், கழுதை” என்பான்.

“விளையாடாதீங்க, என்னைய ஜெயில்ல போட்டுருவாங்க” என்று பெட்டியிடம் கெஞ்சினாள் குருவம்மா.

“போடட்டுமே! எனக்கு நிம்மதி.” மறுபடியும் அதே சிரிப்பு. நீதிபதி எழுதிக்கொண்டார்.

அவளுக்குக் கண்ணீர் கொட்டியது. வீட்டில் அவள் சத்தமில்லாமல்தான் அழுவாள். முகத்தைப் பார்த்தே அவன் தெரிந்துகொள்வான். இந்தப் பெட்டிக்குக் கண் இல்லை, காது மட்டும்தான். அது புரிந்ததும், குருவம்மா கூண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, வாழ்நாளில் முதன்முறையாக வாய்விட்டு ஓவென்று அழுதாள். ‘சும்மா சொன்னேன்’ என்று அவன் சொல்லக் காத்திருந்தாள்.



“யாரது, இந்த அழுகை அழுறது?” என்றது அவன் குரல். “கேட்ட குரலா இல்லையே. ஏ குருவு, யாருன்னு போய்ப் பாரு, பாவம்.”