கொல்லைக் குடம்

அடுக்களைக் குடத்தில் தினமும் செவ்வெறும்பு மிதந்தது. கல்கத்தா கிடர்பூர் துறைமுகத்தில் குமாஸ்தாவாக இருந்த சேஷகிரி மூன்று கல்கிண்ணங்கள் வாங்கி வந்தார். அவற்றில் தண்ணீர் ஊற்றி, முக்காலியின் கால்களை உள்ளே நிறுத்தி, குடத்தை மேலே வைத்தார்.

“இனிமே ஒரு எறும்பு ஏறட்டும், பார்க்கலாம்!”

“கொல்லைக் குடத்துக்கும் இதே மாதிரி பண்ணிடுங்கோளேன்,” என்றாள் மனைவி தர்மாம்பாள். “அதுலதான் எறும்பு ஜாஸ்தி.”

“கை கால் அலம்பற தண்ணிக்கு இத்தனை உபசாரமா? போடி!”



மறுநாள் காலையில் அடுக்களைக் குடம் வெறுந்தரையில் இருந்தது. முக்காலியும் கிண்ணங்களும் கொல்லைக் குழாயடியில் பழைய மண்குடத்தைத் தாங்கிக்கொண்டிருந்தன.

“தர்மு! யாரைக் கேட்டு மாத்தினே? அந்தத் தண்ணியை யார் குடிக்கப்போறா?”

கொல்லைத் தாழ்வாரத்திலிருந்து குரல் வந்தது.

“நான்தான்னா.”

“நீயா?”

“இன்னிலேர்ந்து மூணு நாள் உள்ளே வரப்படாதேன்னு ராத்திரியே மாத்தி வச்சேன். மாசாமாசம் அந்தக் குடந்தான் எனக்கு. புடவைத் தலைப்பால வடிகட்டிக் குடிக்கறேன்.”

கல்கத்தாவில் குடித்தனம் வைத்து ஒரு வருஷம் ஆகியிருந்தது. அந்த நாட்களில் சமைத்து, அவளுக்குச் சோற்றை எட்ட வைப்பவர் சேஷகிரிதான். தண்ணீரைப் பற்றி ஒருநாளும் கேட்கத் தோன்றவில்லை.

உள்ளே போனவர் அடுக்களையிலிருந்த பித்தளைக் குடத்தோடு வந்தார். அதைக் கழுவி, குழாயில் நிரப்பி, அவள் எதிரில் வைத்தார்.

“ஐயோ, சமையல் குடமாச்சே! நான் தொட்டாத் தீட்டுன்னா!”

“புளி போட்டுத் தேய்ச்சாப் போறது. மொதல்ல குடி.”