பதினேழாவது எழுத்து

"இந்தப் பதினேழாவது எழுத்தை மாத்தினது யாரு?"

ஆய்வகத் தலைவி ஆர்டர் தாளை மேஜைமேல் தட்டினாள். எதிரே நின்றவள் குருவி. மெலிந்த உடம்பைப் பார்த்து எல்லோரும் வைத்த பெயர். நாலு வருஷமாக, வாய் நிறைய அக்கா, அக்கா என்று கூப்பிட்டு வேலை பார்ப்பவள்.

அவர்கள் செய்வது, ரத்த நோய்க்கு மரபணுவையே திருத்தும் மருந்து. அதிலுள்ள வெட்டும் புரதத்துக்குத் தானாக வழி தெரியாது. இருபதே எழுத்துள்ள ஓர் ஆர்.என்.ஏ. துணுக்குதான், முந்நூறு கோடி எழுத்துகளுக்கு நடுவே அதைக் கைப்பிடித்து அழைத்துப்போய்ச் சரியான இடத்தில் நிறுத்தும். ஆர்டர் தாளில் இருந்தவை அந்த இருபது எழுத்துகள்தான். முதல் நோயாளிக்கு மருந்தை அடுத்த வாரம் ஏற்றப்போகிறார்கள்.

"நான்தான் மாத்தினேன்க்கா."

"யார் சொல்லி? மூணு வாரத்துக்கு ஒருதரம் அரைநாள் லீவு போடுறியே, போட்டிக் கம்பெனிக்காரனைப் பார்க்கத்தானே?"

"ஐயோ, இல்லக்கா!"

"பின்னே எங்கே போறே?"

குருவி தலையைக் குனிந்துகொண்டாள். "சொன்னா என்னைச் சேர்த்துக்க மாட்டாங்கக்கா."

"பாத்தியா! அங்கே சேர்றவரைக்கும் பேசி முடிச்சாச்சு!"

தலைவி நாற்காலியை விட்டு எழுந்தாள். தான் கூடவே வைத்துச் சொல்லிக்கொடுத்த பெண்ணே குழி பறிக்கிறாளா?

"எழுத்தை ஏன் மாத்தினேன்னாவது கேளுங்கக்கா. பழைய துணுக்கு பொதுவா எல்லாருக்கும் ஒட்டும். ஆனா இந்த நோயாளிக்குப் பிறவியிலேயே அந்த இடத்துல ஒரு எழுத்து வேற. ஆஸ்பத்திரியில அதைக் கவனிக்காம விட்டுட்டாங்க. பழசை ஏத்தினா ஒட்டாது. அத்தனையும் வீண்."

"அதெப்படி உனக்குத் தெரியும்? நோயாளி பேரு எனக்கே தெரியாது. நமக்கு வெறும் நம்பர்தான். பேரு இருக்கிற சீல் வச்ச கவரைப் பிரிச்சியா?"

"கவரைத் தொடவே இல்லக்கா. ரத்தம் எடுத்து நானே சோதிச்சேன்."

"திருட்டு ரத்தம் வேறயா!" தலைவி போனை எடுத்தாள். "இப்பவே செக்யூரிட்டியைக் கூப்பிடறேன். யார் ரத்தம், சொல்லு!"

குருவி அழுதுவிட்டாள்.

"என் ரத்தம்தான்க்கா. மூணு வாரத்துக்கு ஒருதரம் ரத்தம் ஏத்திக்கத்தான் லீவு; இங்கே வேலை பார்க்கிறவங்களைச் சிகிச்சையில சேர்த்துக்க மாட்டாங்கன்னு மறைச்சேன். அந்த முதல் நோயாளி நான்தான்."