துடைப்பம் கட்டின மரம்

அண்ணாந்து பாத்தவ அப்படியே நின்னுட்டா.

மரம் பூரா பூ. ஒண்ணொண்ணும் மிளகு அளவுதான். ஆனா எத்தன!

அந்தமான் பக்கம் ஒரு சின்னத் தீவு. காட்டு ஜாதிக்காயில அங்க மிஞ்சினது ரெண்டே மரம். ஓடைக்கு அந்தப் பக்கம் ஒண்ணு, இந்தப் பக்கம் இது.

அது காய்க்கும். இது காய்க்காது. ஏழு வருஷமா ஒரு காய் கிடையாது.

ரோஷம் வரட்டும்னு சவரிமுத்து மேஸ்திரி பழைய செருப்பையும் துடைப்பத்தையும் சேத்துக் கட்டி விட்டாரு, முருங்கைக்குக் கட்டுறாப்ல. அதுக்கும் அசையல.

நடைபாத போடணும், காய்க்காதத எடுத்துருங்கன்னு ஆபீஸ்ல சொல்லிட்டாங்க.

மேஸ்திரி கோடாலியோட வந்து நிக்கிறாரு.

"ஏ புள்ள, தள்ளு. மலட்டு மரத்துக்கிட்ட என்ன வேடிக்க?"

அவ தோள்ல ஒரு பூ விழுந்துச்சு. எடுத்து நகத்தால கீறினா. நர்சரியில வேல பாக்குற கை, சும்மா இருக்குமா.

ஓடைக்கு அந்தப் பக்கத்து மரத்துப் பூவுக்குள்ள கடுகாட்டம் ஒரு பச்சப் பிஞ்சு இருக்கும். போன வாரந்தான் பாத்தா.

இதுல பிஞ்சே இல்ல. வெறும் பொடி. நகமெல்லாம் மஞ்சளாயிருச்சு.

மறுபடி அண்ணாந்தா.

கசகசா அளவு பூச்சிங்க. வெயில்ல மினுங்கிக்கிட்டு, கூட்டங்கூட்டமா, ஓடையத் தாண்டிப் போகுதுங்க. எல்லாம் அந்த மரத்துக்கு.

கீறின பூவ மேஸ்திரிகிட்ட நீட்டினா.

"அண்ணே, இது மலடு இல்லண்ணே. ஆம்பள."

மேஸ்திரி சிரிச்சாரு. "மரத்துல ஏதும்மா ஆம்பள பொம்பள?"

"ஏன், பப்பாளியில இல்லயா?"

சிரிப்பு நின்னுபோச்சு.

"இவர வெட்டினா அதுவும் காய்க்காதுண்ணே. நம்ம நர்சரியில நிக்கிற ஜாதிக்காக் கன்னு அத்தனையும் இவரோடதுதான்."

அதுவரைக்கும் அது, இதுன்னு சொன்னவதான். இவருன்னு எப்ப வந்துச்சுன்னு அவளுக்கே தெரியல.

மேஸ்திரி மேல பாத்தாரு. கோடாலிய ஓரமாச் சாத்திட்டு, செருப்பையும் துடைப்பத்தையும் அவரே அவுத்தாரு. முடிச்சு இறுகிப்போயிருந்துச்சு. பல்லால கடிச்சு அவுத்தாரு.

"பாத வளைஞ்சு போகட்டும். ஆபீஸ்ல நான் சொல்லிக்கிறேன்."

மத்தியானம் அவ கன்னு ரெஜிஸ்டர விரிச்சா.

நானூத்திப் பன்னெண்டு கன்னு. ஒவ்வொண்ணுக்கும் நேரா 'தாய் மரம்'னு ஒரு கட்டம். அதுக்கு அங்கிட்டு வெறும் தாளு.

இன்னொரு கட்டம் போட ஸ்கேல எடுத்தா.