ஒலிபெருக்கிச் சோதனை

இடம்பெயர்ந்து வந்தவர்கள் குடியிருக்கும் தில்லையடி ஒழுங்கையில் காலை வெயில் தகரக் கூரைகளில் தெறிக்கிறது. படத்துக்கு ஒலி பதிய வந்த கிளமன்ட், ஓட்டோவின் மேல் கட்டிய ஒலிபெருக்கியைச் சோதிக்க, அந்தப் படத்தின் வசனத்தையே வாசிக்கிறான். "பொதுமக்களுக்கு ஓர் அறிவித்தல்..."

அவன் காதில் மாட்டியிருக்கும் ஹெட்போனுக்குள் தெருவின் ஓசைகள் ஒவ்வொன்றாக அடங்குகின்றன. தையல் மெஷின் நிற்கிறது. தேங்காய் துருவும் ஓசை நிற்கிறது. யாரோ தண்ணீர்க் குழாயை மூடுகிறார்கள். பதினைந்து வருடத் தொழிலில் இப்படியொரு மௌனத்தை அவன் கேட்டதேயில்லை. மைக் பழுதோ என்று வயரைத் திருகிப் பார்க்கிறான். பழுதில்லை, எங்கோ ஒரு குழந்தையின் வாயைக் கை பொத்துவதுகூடக் கேட்கிறது. எதிர்வீட்டு ஹவ்வா வாசலுக்கு வருகிறாள். தொண்ணூறில் மன்னாரில் இயக்கம் ஒலிபெருக்கியில் அறிவித்து, நேரக்கெடு வைத்துத்தான் முஸ்லிம்களான தங்களை ஊரைவிட்டு விரட்டியது என்று, சற்று முன் தேத்தண்ணி தரும்போது சிரித்தபடி சொன்னவள். இப்போது ஒரு கையில் துணிப்பை. மறு கையில், பாதி பின்னிய தலையோடு மகள்.

"இது படத்துக்கு அக்கா, சும்மா..." என்கிறான். மைக்கை அணைக்க மறந்திருக்கிறான். அந்தக் குரலும் தெரு முழுக்க அதிர்கிறது. மேலும் இரண்டு கதவுகள் அடைபடுகின்றன.

ஹவ்வா ஒலிபெருக்கியையே பார்த்துக் கேட்கிறாள்.

"எத்தன மணிக்குள்ள போகோணும் தம்பி?"