மூன்று கட்டம் இடப்பக்கம்

ஜன்னல் வெயில் விழுந்து கரும்பலகையில் பாதி வெளுத்துக் கிடக்கிறது. இரண்டின் அடுக்கில் எக்ஸ் இருந்தால் வரும் வளைகோட்டைக் கணக்கு டீச்சர் வரைந்துவிட்டார். எக்ஸ் இருந்த இடத்தில் எக்ஸ் கழித்தல் மூன்று வந்தால் அந்தக் கோடு எங்கே நகரும் என்று வரைந்து காட்டத் தன் மகளையே எழுப்பியிருக்கிறார். கழித்தலைக் கண்டதும் மகளின் கை தானாக இடப்பக்கம் போகிறது. சாக்பீஸ் கிறீச்சிடுகிறது. “வரைஞ்சது போதும், நடந்தே காட்டு. மூணு எட்டு வை.” அவள் இடப்பக்கமாகவே நடக்கிறாள். மூன்றாவது எட்டில் குப்பைக்கூடை காலில் பட்டுக் கவிழ, காகிதச் சுருள்கள் உருள்கின்றன. வகுப்பு கொல்லென்று சிரிக்கிறது. “எந்தப் பக்கம் போகணும், சொல்லுங்க!” “வலப்பக்கம் டீச்சர்!” பெற்ற பிள்ளைக்குச் சலுகை காட்டுகிறாள் என்று ஒருவர் வாயிலும் வந்துவிடக் கூடாது அம்மாவுக்கு. காலையில் மகளுக்குச் சடை பின்னிவிட்ட விரல்கள் சாக்பீஸை இரண்டாக ஒடிக்கின்றன. “வீட்டுல சொல்லிக் குடுக்க ஆள் இல்லையா?” தப்பாகப் போடுகிற எல்லோரிடமும் கேட்கிற கேள்விதான். சிரிப்பு சட்டென்று அடங்குகிறது. மகள் குனிந்து காகிதங்களைப் பொறுக்கிக் கூடையில் போடுகிறாள், கூடையைச் சுவரோரம் ஒழுங்காக வைக்கிறாள், பிறகு நிமிர்ந்து அம்மாவின் முகத்தைப் பார்க்கிறாள். “இல்ல டீச்சர்.”